எலுமிச்சை டீ சொதப்பிவிட்டதா? எங்கே தப்பு என்று பார்ப்போம்

எங்கள் வீட்டில் எலுமிச்சை டீ என்றால் அது குன்னூர் அத்தை போடுகிற டீ. மாமா தேயிலைத் தொழிற்சாலையில் வேலை பார்த்தவர், அதனால் அந்த வீட்டில் தேயிலைக்குப் பஞ்சமே கிடையாது, பாலுக்குத்தான் பஞ்சம். மழை விடாமல் பெய்து பால் வராத நாளில் அத்தை எலுமிச்சம்பழத்தை எடுத்துவிடுவார். அதே அளவை ஒரு டைரியின் கடைசிப் பக்கத்தில் எழுதிக்கொண்டு வந்து சென்னையில் போட்டேன். முதல் ஒரு மாதம் ஒரு நாள்கூட அது அத்தை டீயாக வரவில்லை. ஒரு நாள் கசந்தது, ஒரு நாள் கலங்கியது, வீடு மாறிய அன்று மை மாதிரிக் கறுத்தே போய்விட்டது. ஒவ்வொரு தடவையும் அத்தைக்குப் போன் போட்டு, அவர் கேட்ட கேள்விக்கெல்லாம் பதில் சொல்லி, கொஞ்சம் நானே துருவிப் பார்த்துத் தெரிந்துகொண்டதைத்தான் இங்கே எழுதுகிறேன். உங்கள் டீக்கு என்ன கோளாறோ அந்த இடத்துக்கு நேராகப் போய்விடலாம், ஆனால் அளவை மட்டும் முதலில் பார்த்துவிடுங்கள்.

எங்கள் வீட்டு அளவு

நாலு டம்ளருக்கு (டம்ளர் 150 மில்லி) தண்ணீர் 650 மில்லி, இலைத் தேயிலை குவித்து 2 டீஸ்பூன், சர்க்கரை 8 டீஸ்பூன், சுண்டுவிரல் நுனி அளவு இஞ்சி, சாறுள்ள எலுமிச்சம்பழம் ஒன்று, உப்பு ஒரு சிட்டிகை. தட்டிய இஞ்சியோடு தண்ணீர் தளதளவென்று கொதித்ததும் சர்க்கரையும் உப்பும் போட்டுக் கரையவிட்டு, அடுப்பை அணைத்து, அப்புறம் தேயிலையைப் போட்டு 3 நிமிடம் மூடி வையுங்கள். வடிகட்டி டம்ளரில் ஊற்றி, ஆவி கொஞ்சம் அடங்கியதும் ஒரு டம்ளருக்கு ஒரு டீஸ்பூன் சாறு. அவ்வளவுதான்.

சர்க்கரை அதிகம் என்று தோன்றும். இது இனிப்பு டீ, அப்படித்தான். குறைப்பதென்றால் எலுமிச்சையையும் சேர்த்துக் குறையுங்கள், ஒன்றை மட்டும் குறைத்தால் பாதியில் நிறுத்திய ரசம் மாதிரி இருக்கும்.

கசக்கிறது

அதிகம் பேர் மாட்டுகிற இடம் இதுதான், நானும் இங்கேதான் அதிக நாள் கிடந்தேன். கசக்கிறது என்று முடிவு கட்டுவதற்கு முன்னால், எலுமிச்சை விடாத வெறும் டிக்காஷனை ஒரு வாய் குடித்துப் பாருங்கள். அதிலேயே நாக்கை இழுத்துப் பிடித்தால், பச்சை வாழைப்பூவை மென்ற மாதிரி இருந்தால், அது துவர்ப்பு. தப்பு தேயிலைப் பக்கம். டிக்காஷன் நன்றாக இருந்து, எலுமிச்சை விட்டபிறகு விழுங்கும்போது தொண்டையில் ஒரு கசப்பு நின்றால் தப்பு பழத்தின் பக்கம். இரண்டுக்கும் மருந்து வேறு வேறு. இதைப் பிரிக்காமல் நான் மூன்று தடவை பழத்தை மாற்றி மாற்றி வாங்கினேன், கடைசியில் பார்த்தால் குற்றவாளி டீத்தூள்.

தேயிலைப் பக்கம் என்றால் முதலில் என்ன தூள் என்று பாருங்கள். மளிகைக் கடையில் சாதாரணமாகக் கிடைப்பது சி.டி.சி. தூள், அதாவது இலையை நசுக்கிக் கிழித்துச் சுருட்டிய குருணை. உருண்டை உருண்டையாக இருக்கும். பால் டீக்கு அது கன பொருத்தம், தண்ணீர் பட்டதும் சாறு இறங்கிவிடும், இறங்குகிற துவர்ப்பைப் பாலில் உள்ள புரதம் பிடித்துக்கொள்ளும். எலுமிச்சை டீயில் அப்படிப் பிடித்துக்கொள்ள எதுவும் இல்லை, அத்தனையும் நேராக நாக்குக்கு வருகிறது. அந்தத் தூள்தான் கையில் இருக்கிறது என்றால் நாலு டம்ளருக்கு ஒன்றரை டீஸ்பூன் போதும், நேரம் ஒன்றேகால் நிமிடத்தைத் தாண்டக் கூடாது. பால் டீக்குச் செய்கிற மாதிரி அடுப்பிலேயே பொங்கப் பொங்கக் கொதிக்கவிட்டால் எந்தத் தூளாக இருந்தாலும் மன்னிக்காது.

இலைத் தேயிலை, அணைத்த அடுப்பு, சரியாக 3 நிமிடம், எல்லாம் செய்தும் எனக்குத் துவர்த்தது. அப்போதுதான் அத்தையிடம் பேசினேன்.

"ஏங் கண்ணு, கொதிக்கிற தண்ணியிலயா போட்ட?"

"ஆமா அத்தை, நீங்க சொன்ன மாதிரியேதான்."

"எங்கூட்டுத் தண்ணி கொதிச்சாலும் உங்கூரு அளவுக்குச் சுடாது. நீ செத்த நேரம் ஆறவிட்டுப் போடு."

மாமா தொழிற்சாலையில் கேட்டு வந்து சொன்ன விஷயமாம். சரிதான், குன்னூர் கடல் மட்டத்திலிருந்து சுமார் 1,850 மீட்டர் உயரம், அங்கே தண்ணீர் ஏறத்தாழ 94 டிகிரியிலேயே கொதித்துவிடும். கடலோரத்தில் 100. டைரியில் 'கொதிக்கிற தண்ணீர், 3 நிமிடம்' என்றுதான் எழுதியிருக்கிறது, எந்த ஊர்க் கொதி என்று எழுதவில்லை. சமவெளியில் இருப்பவர்கள் அடுப்பை அணைத்து ஒரு நிமிடம் விட்டுத் தேயிலையைப் போடுங்கள், அல்லது உடனே போட்டு இரண்டு நிமிடத்தில் வடித்துவிடுங்கள். நான் முதல் வழியைத்தான் பிடித்துக்கொண்டேன்.

வடிகட்டியில் மிஞ்சிய தேயிலைச் சக்கையைக் கரண்டியால் அழுத்திப் பிழிகிற பழக்கம் இருந்தால் அதையும் விட்டுவிடுங்கள். அந்தக் கடைசி இரண்டு கரண்டியில்தான் துவர்ப்பு முழுக்க இருக்கும். அந்தச் சிட்டிகை உப்பும் இந்தக் கடுப்பை அடக்கத்தான், உப்பு நாக்குக்குத் தெரிகிற அளவு போட்டால் போச்சு.

பழத்தின் பக்கம் கசப்பு வந்தால் காரணம் மூன்றில் ஒன்று. விதை நசுங்கி விழுந்திருக்கும். இல்லையென்றால் தோலுக்கு உள்ளே இருக்கும் வெள்ளைப் பகுதி வரை கசக்கிப் பிழிந்திருப்பீர்கள்; இரும்புக் கைப்பிடி வைத்த பிழியும் கருவி இந்த வேலையை நன்றாகவே செய்யும், நான் அதை வீட்டை விட்டே அனுப்பிவிட்டேன். மூன்றாவதுதான் பலருக்குத் தெரியாதது. பிழிந்துவைத்த சாறு நேரம் போகப் போகத் தானாகவே கசக்கும். சாறில் முதலில் கசப்பில்லாமல் இருக்கும் ஒரு பொருள் அதன் சொந்த அமிலத்தாலேயே மெல்ல மாறி லிமோனின் என்ற கசப்புப் பொருளாகிவிடுகிறது, சூடு பட்டால் இன்னும் சீக்கிரம். காலையில் பிழிந்து கிண்ணத்தில் வைத்ததை மாலை டீக்கு விட்டுவிட்டு, பழம் சரியில்லை என்று கடைக்காரரைத் திட்டக் கூடாது. அடுப்பு எரியும்போது எலுமிச்சையைத் தொடாதே என்று அத்தை சொல்வதற்கும் இது ஒரு காரணம்.

நிறம் வெளுத்துவிட்டது

இது கோளாறே இல்லை. ஆனால் இதைக் கோளாறு என்று நினைத்துத்தான் பல வீட்டில் டீ கசந்துபோகிறது, அதனால் சொல்கிறேன். கண்ணாடி டம்ளரில் ஒரு தடவை போட்டுப் பாருங்கள். டிக்காஷன் நாவல்பழச் சாயத்துக்குக் கொஞ்சம் இந்தப் பக்கம், அடர்ந்த சிவப்பில் நிற்கும். முதல் நாலைந்து சொட்டுச் சாறு விழுந்த இடத்தில் மட்டும் ஒரு பொன்னிறக் கோடு இறங்கும், கலக்குவதற்குள்ளேயே அது பரவும், கலக்கினால் டம்ளர் முழுக்கத் தேன் நிறம். ஆரத்தித் தட்டில் மஞ்சள் தண்ணீரில் சுண்ணாம்பு பட்டதும் சிவக்கிறதே, அதே சங்கதிதான், இங்கே தலைகீழாக அமிலம் பட்டு வெளுக்கிறது. டீயின் நிறத்தில் பெரும்பங்கு தருகிற தியாரூபிஜின் என்ற பொருள் அமிலத்தில் வெளுக்கும், காரத்தில் கறுக்கும். சாறு விட்ட டீயில் ஒரு சிட்டிகை சோடா உப்பைப் போட்டால் நுரைத்துக்கொண்டு பழைய கறுப்புக்கே திரும்பும். அதைக் குடிக்க வேண்டாம், வேடிக்கை பார்க்கலாம்.

நிறம் போய்விட்டதே, ஸ்ட்ராங்காக இல்லையே என்று இன்னொரு ஸ்பூன் தூள் போடுவதுதான் தப்பு. நிறம்தான் குறைந்தது, இறங்கிய சாறு அங்கேயேதான் இருக்கிறது.

கறுத்துவிட்டது, சாம்பல் பூத்த மாதிரி இருக்கிறது

இதற்குப் பெரும்பாலும் இரும்புதான் காரணம். வீடு மாறிய அன்று எந்தப் பெட்டியிலும் பாத்திரம் கிடைக்காமல், மேலாக இருந்த இரும்பு வாணலியில் டீ போட்டோம். சாமான் இறக்கியவர்களுக்கும் சேர்த்து எட்டு டம்ளர். வடிகட்டும்போதே கறுப்பு, அதில் ஒரு ஊதாச் சாயல், வாயில் வைத்தால் ஆணியை நக்கின மாதிரி ருசி. பாவம், ஒருவர் மட்டும் மரியாதைக்கு முழுவதும் குடித்தார். தேயிலையின் துவர்ப்புப் பொருளும் இரும்பும் சேர்ந்தால் மை. கலம்காரித் துணியில் கறுப்புக் கோடு விழுவதும் இந்த வேலையால்தான்: கடுக்காயில் ஊறின துணி மேல், இரும்பையும் வெல்லத்தையும் ஊறவைத்த தண்ணீரைத் தொட்டு வரைகிறார்கள்.

பாத்திரம் எவர்சில்வர்தான், ஆனாலும் கறுக்கிறது என்றால் தண்ணீரைச் சந்தேகப்படுங்கள். போர் தண்ணீரை ஒரு வெள்ளை வாளியில் பிடித்து ஒரு ராத்திரி வைத்துப் பாருங்கள், காலையில் அடியில் துரு நிறத்தில் வண்டல் படிந்திருந்தால் அந்தத் தண்ணீர் டீக்கு ஆகாது. அலுமினியப் பாத்திரத்திலும் ஈயம் பூசாத பித்தளையிலும் எலுமிச்சை படவே வேண்டாம், அது நிறப் பிரச்சினையைவிடப் பெரிய பிரச்சினை.

மேலே எண்ணெய் மாதிரி ஒரு படலம்

சென்னை வந்த புதிதில் எனக்குக் குமட்டலையே வரவைத்தது இதுதான், டம்ளரைச் சரியாகக் கழுவவில்லையோ என்று திரும்பத் திரும்பக் கழுவிக்கொண்டிருந்தேன். டம்ளரை லேசாகச் சாய்த்தால் படலம் உடைந்து சில்லுச் சில்லாக மிதக்கும். எண்ணெய் என்றால் அப்படி உடையாது, வட்டமாகச் சேரும். இது உப்புத் தண்ணீரில் உள்ள சுண்ணாம்புச் சத்து, டீயில் உள்ளதோடு சேர்ந்து மேலே கட்டுகிற ஏடு. எலுமிச்சைச் சாறு விட்டதும் தானாகவே மறைந்துவிடும். மறையாமல் வட்டம் வட்டமாகவே நின்றால் மட்டும் டம்ளரைக் கழுவுங்கள்.

ஆனால் படலம் வருகிறது என்பதே ஒரு தகவல், உங்கள் தண்ணீர் கடினம். குடிநீரில் கடினத்தன்மை லிட்டருக்கு 200 மில்லிகிராமுக்குள் இருப்பது நல்லது, வேறு வழியே இல்லாத இடத்தில் 600 வரை போகலாம் என்பது இந்தியத் தர அளவு. இந்த 600 பக்கம் இருக்கிற தண்ணீரில் அத்தையே வந்து போட்டாலும் டீ வராது, வந்தபோது போட்டும் பார்த்தார். கேன் தண்ணீரோ ஆர்.ஓ. தண்ணீரோ இருந்தால் டீக்கு மட்டும் அதை எடுங்கள். இல்லையென்றால் தண்ணீரைப் பத்து நிமிடம் கொதிக்கவைத்து ஆறவிட்டு, அடியில் வெள்ளையாகப் படிந்ததைக் கலக்காமல் மேலாக இறுத்துக்கொள்ளுங்கள். முழுதாகச் சரியாகாது, பாதிக் கிணறு தாண்டலாம். கெட்டிலின் அடியில் கட்டியிருக்கும் வெள்ளைப் பாறைக்கு, பிழிந்த எலுமிச்சை மூடிகளைத் தண்ணீரோடு போட்டுக் கொதிக்கவிட்டால் போதும், தேய்க்க வேண்டாம்.

கலங்கிவிட்டது

சூடாக இருக்கும்போதே கலங்கலா, ஆறினபிறகா என்பதுதான் கேள்வி.

சூட்டிலேயே, சாறு விட்டதுமே பொடிப் பொடியாக வெள்ளைத் துணுக்கு தெரிந்தால் எங்கேயோ பால் பட்டிருக்கிறது. பால் காய்ச்சிய பாத்திரத்தை அலசி மட்டும் வைத்திருப்போம், அல்லது காலைக் காப்பிக்கு வடிகட்டிய வலையில் ஒட்டிக்கொண்டிருக்கும். வலையை வெளிச்சத்தில் பிடித்துப் பாருங்கள், ஓட்டைகள் பாதி அடைத்திருக்கும். எலுமிச்சை டீக்கென்று இருபது ரூபாயில் ஒரு வடிகட்டி தனியாக வாங்கி வைத்தபிறகு எனக்கு இந்தத் தொல்லை இல்லை.

சூடாக இருந்தபோது கண்ணாடியாக இருந்து, ஃபிரிட்ஜில் வைத்ததும் சேற்றுத் தண்ணீர் மாதிரி ஆனால் பயப்பட ஒன்றுமில்லை. டீயில் உள்ள காஃபீனும் துவர்ப்புப் பொருள்களும் குளிர்ச்சியில் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டு பிரிந்து நிற்கின்றன. ருசி கெடாது, பார்க்கத்தான் நன்றாக இருக்காது. ஒரு கை வெந்நீர் விட்டுக் கலக்கினால் தெளியும். விருந்தாளிக்கு ஐஸ் போட்டுக் கொடுப்பதென்றால் டிக்காஷனைக் கொஞ்சம் இளசாகவே இறக்கி, வெளியிலேயே நன்றாக ஆறவிட்டு, பிறகு குளிர வையுங்கள். கொதிக்கக் கொதிக்க ஐஸ் மேல் ஊற்றினால் கலங்கல் அதிகம். கடின நீரிலும் அதிகம், எல்லாம் சுற்றிச் சுற்றித் தண்ணீரில்தான் வந்து நிற்கிறது. நீலகிரி இலைத் தேயிலைக்கு ஐஸ் டீயில் அவ்வளவாகக் கலங்காது என்று ஒரு நல்ல பெயர் உண்டு, நான் போட்ட வரையில் அது உண்மைதான். குளிர்ந்த டீயில் இனிப்பு மந்தமாகத் தெரியும் என்பதால் டம்ளருக்கு அரை ஸ்பூன் சர்க்கரை கூட்டிக்கொள்ளுங்கள், அதையும் சூட்டிலேயே கரைத்துவிடுங்கள். ஐஸ் டீயில் சர்க்கரையைப் போட்டுக் கலக்குவது கை வலிக்கத்தான்.

புளிப்பே தெரியவில்லை

ஒரு பழம் முழுக்க விட்டும் உப்புச் சப்பில்லாமல் இருக்கிறதா? மறுபடியும் அந்தக் கடினத் தண்ணீர்தான் முதல் சந்தேகம், அதிலுள்ள காரம் எலுமிச்சையின் புளிப்பில் ஒரு பகுதியைத் தின்றுவிடும். இரண்டாவது, சர்க்கரைக்குப் பதில் வெல்லமோ கருப்பட்டியோ போடுகிறீர்களா? கரும்புச் சாற்றைத் தெளியவைக்கச் சுண்ணாம்பு சேர்ப்பார்கள், பதநீர் புளிக்காமலிருக்கக் கலயத்தில் சுண்ணாம்பு தடவுவார்கள், அதில் கொஞ்சம் மிச்சம் இருந்தாலும் புளிப்பு அடங்கும், நிறமும் கறுக்கும். கருப்பட்டி எலுமிச்சை டீ மோசமில்லை, சாறு மட்டும் ஒன்றரை மடங்கு விட வேண்டியிருக்கும். எனக்கு அதில் எலுமிச்சை வாசனை அமுங்கிப்போகிறது, அதனால் சர்க்கரைதான்.

மூன்றாவது பழமே சரியில்லாமல் இருப்பது. கோடையில் கல் மாதிரிப் பச்சையாக, சின்னதாக வரும் பழத்தில் ஒரு ஸ்பூன் சாறு வந்தாலே பெரிசு, விலையும் அப்போதுதான் ஏறும். 2022 ஏப்ரலில் ஒரு பழம் பத்து ரூபாயைத் தாண்டியபோது எங்கள் வீட்டில் எலுமிச்சை டீ ஞாயிற்றுக்கிழமைப் பண்டமாகிவிட்டது. தோல் மெலிதாக, மஞ்சள் பாதி ஏறி, கையில் கனமாக இருக்கிற பழமாகப் பாருங்கள். புளியங்குடிப் பழம் கிடைக்கிற ஊர்க்காரர்களுக்கு இதைச் சொல்ல வேண்டியதில்லை. கெட்டிப் பழத்தை வெதுவெதுப்பான தண்ணீரில் ஐந்து நிமிடம் போட்டு, உள்ளங்கையால் மேடையில் அழுத்தி உருட்டிவிட்டு நறுக்கினால் இன்னும் கொஞ்சம் சாறு வரும்.

புளிப்பு இருக்கிறது, வாசனை இல்லை

அடுப்பில் கொதிக்கும்போது பிழிந்திருப்பீர்கள். எலுமிச்சையின் வாசனை சாற்றில் இருப்பதைவிடத் தோலில் இருக்கிற எண்ணெயில்தான் அதிகம், சூட்டில் அது சமையலறை முழுக்கப் பரவிவிடும், டம்ளரில் மட்டும் இருக்காது. சமையலறை மணக்கிறது என்று சந்தோஷப்படாதீர்கள், உங்கள் டீயில் இருக்க வேண்டியதுதான் அது. நகம் அளவுக்கு மஞ்சள் தோலை மட்டும் சீவி, டம்ளருக்கு மேலே மடித்து ஒரு அழுத்து. வெளிச்சத்துக்கு எதிரே பார்த்தால் பொடித் தூறல் மாதிரித் தெறிப்பது தெரியும். தோலை உள்ளே போடாதீர்கள், ஊறினால் கசக்கும்.

வாசனை இருக்கிறது ஆனால் சாம்பார்ப் பொடி வாசனை என்றால் தேயிலை டப்பாவை மசாலா அலமாரியிலிருந்து நகர்த்துங்கள். தேயிலை பக்கத்தில் இருக்கிற எதையும் இழுத்துக்கொள்ளும்.

ஃபிளாஸ்க்கில் கொண்டுபோனால் கெட்டுப்போகிறது

கெடும். எலுமிச்சை விட்ட டீ சூடு அடங்காமல் இரண்டு மணி நேரம் அடைந்து கிடந்தால் மேலே சொன்ன கசப்பு எல்லாம் ஒன்றாக வந்துவிடும். சர்க்கரை போட்டு வடித்த டிக்காஷனை மட்டும் ஃபிளாஸ்க்கில் ஊற்றுங்கள், பழத்தை முழுசாகப் பையில் போட்டுக்கொண்டு போய் டம்ளரில் பிழிந்துகொள்ளுங்கள். அத்தை மேட்டுப்பாளையத்திலிருந்து ரயிலேறி எங்கள் வீட்டுக்கு வரும்போதெல்லாம் இப்படித்தான், கத்தியைத்தான் எப்போதும் மறந்துவிடுவார். அதற்கும் ஒரு வழி வைத்திருக்கிறார்: பழத்தைக் கையில் நன்றாக உருட்டி, வீட்டுச் சாவியால் காம்புப் பக்கம் ஒரு குத்து, அந்த ஓட்டை வழியாகப் பிழிந்தால் சாறு மட்டும் வரும், விதை உள்ளேயே நின்றுவிடும். சாவியை முன்னும் பின்னும் கழுவிவிடுங்கள்.